மயானத்தில் ஐந்தரை நிமிடக் கச்சேரி

கல்லறைக் கல்லுக்குப் பின்னாலிருந்து ஒரு எலும்புக்கூடு மெல்ல எழுகிறது. எங்கோ ஆந்தை அலறுகிறது. எலும்புக்கூட்டுக்குத் தூக்கிவாரிப் போடுகிறது! பயம் தீர்ந்ததும் கோபம். தன் மண்டையோட்டையே கழற்றி ஆந்தைமேல் வீசுகிறது. ஆந்தையின் இறகெல்லாம் கொட்டிப்போகிறது. அடுத்து அது நம் பக்கம் திரும்புகிறது. ஒரு தாவல், இன்னொரு தாவல். மண்டையோடு பெரிதாகிக்கொண்டே வருகிறது. வாய் திறக்கிறது. பல் வரிசை திரையின் நாலு ஓரத்தையும் தொடுகிறது. கேமராவை, அதாவது நம்மை, அப்படியே விழுங்கிவிடுகிறது. திரை முழுக்க இருட்டு.

இந்த இடத்தில் நான் சிரிக்காமல் இருந்ததே இல்லை. மரணம் வாயைப் பிளந்துகொண்டு நேரே வந்து விழுங்குகிறது. நமக்கோ குழந்தையைப் போலக் கைதட்டத் தோன்றுகிறது. 1929-இல் வால்ட் டிஸ்னியின் ஸ்டூடியோ எடுத்த 'தி ஸ்கெலிட்டன் டான்ஸ்' படம் இது. கறுப்பு வெள்ளை. ஏறத்தாழ ஐந்தரை நிமிடம். வசனம் கிடையாது, கதாநாயகன் கிடையாது, கதையென்று சொல்லவும் பெரிதாக ஒன்றுமில்லை. நள்ளிரவு, கல்லறைத் தோட்டம், நாலு எலும்புக்கூடுகள், ஒரு ஆட்டம், விடியல்: அவ்வளவுதான். சாவைப் பற்றி எடுக்கப்பட்ட குறும்படங்களில் எனக்கு மிகப் பிடித்தது எது என்று யாராவது கேட்டால் யோசிக்காமல் இதைத்தான் சொல்வேன். எப்படி எடுத்தார்கள் என்று தெரிந்துகொண்ட பிறகு பிரியம் இன்னும் கூடிவிட்டது. வாருங்கள், கொட்டகைக்குப் பின்பக்கக் கதவு வழியாக உள்ளே போவோம்.

முதலில் நிலவரத்தைச் சொல்லிவிடுகிறேன். 1928 நவம்பரில் நியூயார்க்கில் 'ஸ்டீம்போட் வில்லி' வெளியாகி மிக்கி மவுஸ் புகழ் பெற்றாகிவிட்டது. படத்துக்கு ஒலி வந்துவிட்டது. தியேட்டர்காரர்கள் எல்லோருக்கும் எலி வேண்டும், மேலும் எலி வேண்டும். புத்தியுள்ள வியாபாரி எலியையே இன்னும் பத்துப் படம் எடுத்திருப்பான். லாஸ் ஏஞ்சலஸில் ஹைப்பீரியன் அவென்யூவில் இருந்த அந்தச் சின்ன ஸ்டூடியோவிலோ சுடுகாட்டைப் படமெடுக்கக் கிளம்பினார்கள்!

அந்த யோசனை கார்ல் ஸ்டாலிங் என்கிற இசைக்காரருடையது. கேன்சஸ் சிட்டியில் ஐசிஸ் தியேட்டரில் மௌனப் படங்களுக்கு ஆர்கன் வாசித்தவர். திரையில் குதிரை ஓடினால் விரலும் ஓட வேண்டும், காதலன் செத்தால் விரலும் அழ வேண்டும்; அப்படிப் பழகிய கை. டிஸ்னிக்குக் கேன்சஸ் சிட்டி நாட்களிலிருந்தே பழக்கம். அவரைக் கூட்டிவந்து படத்துக்கு இசை போடச் சொன்னார் டிஸ்னி. வந்த கையோடு இருவருக்கும் தகராறு. படத்துக்கு ஏற்றபடி இசை வளைய வேண்டும் என்பது டிஸ்னி கட்சி. இசைக்கு ஏற்றபடி படம் ஆட வேண்டும் என்பது ஸ்டாலிங் கட்சி. கடைசியில் பிரமாதமான ஒரு பஞ்சாயத்துத் தீர்ப்பு வந்தது. மிக்கி படங்களில் இசை பின்னால் வரட்டும். புதிதாக இன்னொரு வரிசை தொடங்குவோம், அதில் இசை முன்னால் போகட்டும். அந்தப் புது வரிசைதான் 'சில்லி சிம்பனீஸ்'. 1939 வரை 75 படங்கள் வந்தன. எல்லாவற்றுக்கும் தலைமகன் இந்த எலும்புக்கூட்டு ஆட்டம்.

அதென்ன எலும்புக்கூடு? வயதான காலத்தில் கொடுத்த ஒரு பேட்டியில் ஸ்டாலிங் காரணம் சொல்லியிருக்கிறார். சிறுவனாக இருந்தபோது 'தி அமெரிக்கன் பாய்' பத்திரிகையில் ஒரு விளம்பரம் பார்த்தாராம்: ஆடும் எலும்புக்கூடு, விலை 25 சென்ட். அப்பாவிடம் கேட்டு வாங்கிய காசை அனுப்பினார். தபாலில் வந்தது, ஒரு அட்டைப் பொம்மை. அதை ஒரு நூலில் மாட்டி, நூலின் இரண்டு முனையையும் இரண்டு பையன்கள் பிடித்து இழுத்தால் அட்டை எலும்புகள் துள்ளி ஆடும். அந்தத் துள்ளல் அவர் மனதை விட்டுப் போகவே இல்லை. கால் நூற்றாண்டுக்கு மேல் கழித்து அதற்குத் தாளம் போட்டுக்கொடுத்தார். சாவைப் பற்றி யோசித்து யோசித்து வந்த படமல்ல இது. ஒரு பையனின் கையில் ஆடிய பொம்மையிலிருந்து வந்த படம். அதனால்தான் இதில் ஒரு துளி போலித் துக்கம்கூட இல்லை என்று நினைக்கிறேன்.

இதன் இசை சேன்-சான்ஸின் 'டான்ஸ் மக்காப்ர்'தான் என்று பல இடங்களில் எழுதியிருப்பார்கள். இல்லை. நடுவில் கிரீக் எழுதிய பூதங்களின் அணிவகுப்பு ஒன்று எட்டிப் பார்க்கிறது. மற்றபடி பெரும்பகுதி ஸ்டாலிங்கே போட்ட மெட்டு. மைனர் சுருதியில் ஒரு ஃபாக்ஸ்டிராட். அந்தக் காலத்து நடன அரங்குகளில் ஜோடிகள் ஆடிய தாளம்தான், கொஞ்சம் இருட்டில் தோய்த்தது.

இப்போது எனக்கு மிகவும் பிடித்த அறைக்கு வருகிறோம். ஒலிப்படம் ஒரு வினாடிக்கு 24 பிரேம் ஓடும். இந்த ஒரே எண்ணை இறுகப் பிடித்துக்கொண்டார்கள். ஒரு தாளத்துக்கு 12 பிரேம் என்று வைத்தால் நிமிடத்துக்கு 120 தட்டு. 8 பிரேம் என்றால் 180. ஆக, இசையை நேரத்தால் அளக்க வேண்டாம், பிரேமால் எண்ணிவிடலாம்! இன்ன தட்டு இன்ன பிரேமில் விழும் என்று முன்கூட்டியே தெரிந்துவிட்டால், ஓவியர் அதே பிரேமில் எலும்பின்மேல் எலும்பை அடிக்க வைக்கலாம். படத்தைத் திரையில் ஓட்டி, அதைப் பார்த்துப் பார்த்து வாசிக்க வேண்டிய தலைவலி இல்லை.

அதற்கும் ஒரு சிக்கல் உண்டு. ஆர்க்கெஸ்ட்ராவில் இத்தனை பேர் இருக்கிறார்கள். ஒருவர் ஒரு மயிரிழை முந்தினாலும் கணக்கு கெட்டுவிடும். ஸ்டாலிங் ஒரு வழி கண்டார். படம் பதியாத வெறும் பிலிமில் சீரான இடைவெளியில் துளை போடுவது. ஒலிக் கருவியில் அந்தத் துளை கடக்கும்போதெல்லாம் 'டக்' என்று ஒரு சத்தம். ஒவ்வொரு வாத்தியக்காரரின் காதிலும் டெலிபோன் ரிசீவர், அதில் அந்த டக் டக் டக். இந்த முறையை முதலில் கையாண்டது 'ஸ்கெலிட்டன் டான்ஸ்' படத்தில்தான் என்று அந்தப் பேட்டியில் சொல்கிறார். இன்று உலகம் முழுக்கச் சினிமா இசைப் பதிவில் காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு 'கிளிக்' கேட்டபடி வாசிக்கிறார்களே, நம்மூர் ஒலிப்பதிவுக் கூடங்களிலும் சேர்த்துத்தான், அந்த வழக்கத்தின் ஆரம்ப காலத்தில் நிற்கிறோம். செத்தவர்களை ஒழுங்காகத் தாளத்தில் ஆட வைக்க எடுத்த முயற்சியில் கிடைத்த வசதி அது!

நியூயார்க்கில் ஒலிப்பதிவு நடந்தது. இனி படம். அதை ஏறக்குறைய ஒரே கை வரைந்தது: அப் ஐவர்க்ஸ். டிஸ்னியும் இவரும் 1901-இல் பிறந்தவர்கள். கேன்சஸ் சிட்டியில் ஒரு விளம்பரச் சித்திரக் கடையில் 1919-இல் அறிமுகமாகி, சேர்ந்தே தோற்று, சேர்ந்தே ஜெயித்தவர்கள். மிக்கி மவுஸுக்கு உருவம் கொடுத்தவரும் ஐவர்க்ஸ்தான். பேச்சு குறைவு, வேகம் ஏராளம். அந்த வேகத்தைப் பார்த்து மற்ற ஓவியர்கள் மலைத்துப்போவார்கள்.

கார்ட்டூன் வரைவதில் ஒரு வேலைப் பங்கீடு உண்டு. கை மேலே இருக்கும் நிலையையும் கீழே இறங்கிய நிலையையும் பெரிய ஓவியர் வரைவார். நடுவில் வரும் படங்களை உதவியாளர் இட்டு நிரப்புவார். அப்படிச் செய்யச் சொல்லித்தான் டிஸ்னி கேட்டார். அப்போதுதான் ஐவர்க்ஸ் போன்ற விலைமதிப்பற்ற கை இன்னும் அதிகப் படங்களைத் தொட முடியும், செலவும் குறையும். ஐவர்க்ஸ் கேட்கவில்லை. முதல் கோட்டிலிருந்து கடைசிக் கோடு வரை தானே, வரிசையாக, ஒன்றுக்கு அடுத்து இன்னொன்றாக வரைந்தால்தான் ஆட்டம் ஆட்டமாக இருக்கும் என்று பிடிவாதம் பிடித்தார். எத்தனை பிரேமுக்கு எந்தப் படம் என்று குறிக்கும் ஷீட்டில், அவர் வீட்டுக்குப் போனபின் டிஸ்னி ராத்திரியோடு ராத்திரியாகக் கைவைத்துத் திருத்துவார் என்றும், காலையில் வந்து பார்த்ததும் இவர் கொதிப்பார் என்றும் சொல்வார்கள். இந்த மனத்தாங்கல் பெரிதாகி 1930 ஜனவரியில் ஐவர்க்ஸ் வெளியேறியே விட்டார். ஸ்டாலிங்கும் பின்னோடு கிளம்பினார். வருத்தமான கதைதான். ஆனால் படத்தைப் பார்க்கும்போது ஐவர்க்ஸின் பிடிவாதம் சரியென்று கண் சொல்கிறது. நாலு எலும்புக்கூடுகளும் கைகோத்து வளைந்து வரும் இடத்தில் ஒரு கோடும் தடுக்குவதில்லை. ஒரே மனதிலிருந்து ஒரே மூச்சில் வந்த அசைவு அது.

அந்த நாலு பேரின் ஆட்டத்தைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்ப்போம். உண்மை எலும்பு வளையாது. ஐவர்க்ஸின் எலும்பு ரப்பர். தொடை நீள்கிறது, கழுத்து சுருங்குகிறது, இடுப்பெலும்பு தனியே ஒரு சுற்று சுற்றிவிட்டு வந்து பொருந்துகிறது. எலும்புக்கூட்டை வரைவதில் ஓவியருக்கு ஒரு பெரிய சௌகரியம் இருக்கிறது: மறைக்க எதுவுமில்லை. சதை இல்லை, சட்டை இல்லை, முகபாவம் இல்லை. மூட்டு எங்கே, பாரம் எந்தக் காலில், திருப்பம் எந்த இடத்தில் என்பதெல்லாம் வெட்டவெளிச்சம். நடனத்தை உரித்து வைத்தால் என்ன மிஞ்சுமோ அதுதான் அங்கே ஆடுகிறது. கறுத்த பின்னணியில் வெள்ளைக் கோடு. கண் தப்பவே முடியாது.

வாத்தியங்களும் அவர்களே. ஒருவன் குனிந்து நிற்க, இன்னொருவன் இரண்டு தொடையெலும்புகளை எடுத்து அவனைச் சைலபோனாக வாசிக்கிறான். அந்தக் காட்சியை வரைந்த இளைஞர் பெயர் லெஸ் கிளார்க். அவருக்கு அதுதான் முதல் அனிமேஷன் வேலை. பிற்காலத்தில் டிஸ்னியின் 'ஒன்பது முதியவர்கள்' என்று கொண்டாடப்பட்ட ஓவியர் குழுவில் ஒருவரானார். மற்றொருவனுக்குப் பூனை கிடைக்கிறது. அதன் வாலை இழுத்துப் பிடித்தால் டபுள் பாஸ் தயார். பூனை கத்துகிறது. அதுவும் சுருதியில்!

கடைசியில் சேவல் கூவுகிறது. கச்சேரி கலைகிறது. நாலு பேரும் மோதி, எலும்பெல்லாம் கலந்து, யார் கை யார் கால் என்று தெரியாத ஒரே உருவமாகி, விழுந்தடித்துக்கொண்டு குழிக்குள் பாய்கிறார்கள். அவசரத்தில் ஒரு ஜோடிப் பாதம் மட்டும் வெளியில் நின்றுவிடுகிறது. அது தானே ஓடிவர, உள்ளேயிருந்து ஒரு கை நீண்டு அதைப் பிடித்து இழுத்துக்கொள்கிறது. இறந்தவர்களுக்கு நம்மிடம் ஒரு வேலையும் இல்லை என்பது எனக்கு அந்த இடத்தில்தான் உறைக்கும். பழிவாங்க வரவில்லை, பயமுறுத்த வரவில்லை, நியாயம் கேட்கவும் வரவில்லை. கால் உதறிக்கொள்ளக் கொஞ்ச நேரம் கிடைத்தது, ஆடினார்கள், நேரமாயிற்று, போய்விட்டார்கள். சாவு வீட்டிலிருந்து சுடுகாடு வரை பறையடித்து ஆடிக்கொண்டே போகும் ஊர்களில் வளர்ந்தவர்களுக்கு இதை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

தியேட்டர்காரர்களுக்கு விளக்கித்தான் சொல்ல வேண்டியிருந்தது. பார்த்தவர்கள் முகம் சுளித்தார்கள்: கோரம், ஜனங்களுக்குப் பிடிக்காது. விநியோகஸ்தர் பேட் பவர்ஸ் எலிப் படங்களையே அனுப்பச் சொன்னார் என்று ஒரு கதை உண்டு. எப்படியோ லாஸ் ஏஞ்சலஸின் கார்த்தே சர்க்கிள் தியேட்டரில் 1929 ஜூனில் இடம் கிடைத்தது. ஜனங்கள் சிரித்தார்கள். நியூயார்க்கின் பிரம்மாண்டமான ராக்ஸி தியேட்டருக்கும் போயிற்று. பிறகு கொலம்பியா நிறுவனம் வாங்கி வெளியிட்டது. 1994-இல் அனிமேஷன் துறையினரிடம் வாக்கெடுத்து ஜெர்ரி பெக் தொகுத்த 50 சிறந்த கார்ட்டூன்களில் இதற்கு 18-ஆம் இடம். இதை எழுதக் காரணமும் ஒன்று இருக்கிறது: 2025 ஜனவரி 1 முதல் அமெரிக்காவில் இந்தப் படம் பொதுச்சொத்து. யாரும் பார்க்கலாம், யாரும் வெட்டி ஒட்டலாம்.

சரி, பின்பக்கக் கதவுக்கும் பின்னால் இன்னொரு கதவு இருக்கிறது. அதைத் திறந்தபோது எனக்கு மயிர்க்கூச்செறிந்தது.

1659. டச்சு விஞ்ஞானி கிறிஸ்டியான் ஹைகன்ஸ். ஊசல் கடிகாரம் செய்தவர், சனியின் வளையத்தை வளையமென்று கண்டு சொன்னவர். அவருடைய கையெழுத்துத் தாள் ஒன்றில் சின்னச் சின்னப் படங்கள். ஒரு எலும்புக்கூடு. அடுத்ததில் அதன் கை தலைக்குப் போகிறது. அடுத்ததில் தலையைக் கழற்றிக் கையில் வைத்திருக்கிறது. ஆந்தைமேல் தலையை எறிந்தவனின் மூதாதை! விளக்கும் லென்ஸும் வைத்துச் சுவரில் படம் காட்டும் 'மாய விளக்கு' என்ற கருவிக்காக வரைந்தது அது. அசையும் படத்துக்காக மனிதர் வரைந்ததில் நமக்குத் தெரிந்த மிகப் பழைய திட்டங்களில் ஒன்று. சினிமாவுக்கு இரண்டு நூற்றாண்டுக்கு மேல் முந்தியது. அதில் ஆடுவது யாரென்று பாருங்கள்.

ஹைகன்ஸுக்கோ அது வெட்கமாக இருந்தது. கோள்களை அளப்பவர் பொம்மை காட்டலாமா? 1662-இல் அவருடைய அப்பா பிரெஞ்சு அரசவையில் காட்ட ஒரு மாய விளக்கு அனுப்பச் சொன்னார். அப்பா பேச்சைத் தட்ட முடியவில்லை, செய்து அனுப்பினார். கூடவே தம்பிக்கு ஒரு ரகசியக் கடிதம்: அதிலிருந்து லென்ஸ் ஒன்றை எடுத்துவிடு, வேலை செய்யாமல் போகட்டும், குடும்ப மானம் தப்பும்! விஞ்ஞான வரலாற்றில் எனக்கு மிகவும் பிடித்த நாசவேலை இது.

நூறு ஆண்டுக்கு மேல் கழித்து பாரிஸில் எத்தியென் ராபர்ட்சன் அந்தக் கருவிக்குச் சக்கரம் பூட்டினார். புரட்சி ஓய்ந்த காலம். கில்லட்டின் ரத்தம் காயவில்லை. கைவிடப்பட்ட ஒரு கப்புச்சின் மடத்தில் 1799-இல் காட்சி வைத்தார். ஜனங்கள் இருட்டில் உட்கார்ந்திருக்க, திரைக்குப் பின்னால் விளக்கு சத்தமில்லாமல் முன்னால் உருளும்; திரையில் உருவம் பெரிதாகிப் பெரிதாகி மேலே பாய்வதுபோல் வரும். கண்ணாடிச் சில்லில் உருவத்தைச் சுற்றி எல்லாவற்றையும் கறுப்பு பூசி மறைத்துவிடுவார். அதனால் ஓரம் தெரியாது, உருவம் காற்றில் நிற்கும். கறுப்பில் வெள்ளை, நம்மை நோக்கிப் பாயும் வாய்: ஐவர்க்ஸ் மேஜையில் உட்கார்ந்து பென்சிலால் செய்ததை ராபர்ட்சன் சக்கரத்தால் செய்திருக்கிறார்.

பிறகு சினிமாவே வந்தது. 19-ஆம் நூற்றாண்டின் கடைசி ஆண்டுகளில் லூமியேர் நிறுவனம் எடுத்த படங்களில் ஒன்றின் பெயர் 'ஆனந்த எலும்புக்கூடு'. ஒரு நிமிடம்கூட இல்லை. நூலில் கட்டிய பொம்மை ஆடுகிறது, காலைத் தொலைக்கிறது, துண்டு துண்டாகிறது, மறுபடி ஒன்றுசேர்ந்து ஆடுகிறது. ரயில் வந்ததையும் தொழிலாளர்கள் வெளியே வந்ததையும்தான் சினிமாவின் பிறப்பென்று நமக்குச் சொல்லித் தந்தார்கள். அதே தொட்டிலுக்குப் பக்கத்தில் இவரும் ஆடிக்கொண்டிருந்திருக்கிறார்.

ஏன் திரும்பத் திரும்ப இவரே? என் பதிலைச் சொல்கிறேன். அசையும் படம் என்று நாம் சொல்வதில் எந்தப் படமும் அசைவதில்லை. ஐவர்க்ஸ் வரைந்த ஒவ்வொரு தாளும் அசையாமல்தான் கிடந்தது. அவற்றை வரிசையாக, தாளத்தோடு, கண்முன் தட்டிப் போட்டால் உயிர் வந்துவிடுகிறது. உயிரில்லாததை எழுப்புவதுதான் இந்தத் தொழிலின் அடிப்படை வேலை. அந்த வித்தையைக் கற்றுக்கொண்ட எவரும் முதல் சோதனையாகப் பிணத்தைத்தான் எழுப்பிப் பார்ப்பார்கள். அதில் வருகிற குதூகலம் சாவை மறந்ததால் வருவதில்லை. சாவை மேஜைமேல் கிடத்தி, மூட்டு மூட்டாகப் பார்த்து, கோடு கோடாக வரைந்தவருக்குத்தான் அது வாய்க்கிறது. நீளம் குறைவென்பதும் இங்கே பெரிய பலம். ஐந்தரை நிமிடத்தில் ஆறுதல் சொல்ல முடியாது, தத்துவம் பேச முடியாது. பார்க்கலாம், ஆடலாம், முடிந்துவிடும்.

இதைத் தலைகீழாகத் திருப்பிப் போட்டவர் ஒருவர் உண்டு. கிறிஸ் மார்க்கர், 1962, 'லா ஜெத்தே'. 28 நிமிடம். கிட்டத்தட்ட முழுப் படமும் அசையாத புகைப்படங்கள்! பாரிஸின் ஓர்லி விமான நிலையத்தில் ஒரு சிறுவன் ஒரு பெண்ணின் முகத்தையும் ஒரு ஆள் சாவதையும் பார்க்கிறான். உலகப் போரில் ஊரே அழிந்தபின், அந்த ஞாபகத்தைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு அவனைக் காலத்தில் பின்னால் அனுப்புகிறார்கள். அன்று தான் பார்த்தது யாருடைய சாவு என்று முடிவில் தெரிகிறது. (பார்க்காதவர்களுக்காக அதோடு நிறுத்துகிறேன்.) மார்க்கர் இதைச் சாதாரண பென்டாக்ஸ் புகைப்படக் கேமராவில் எடுத்தார். நடுவில் ஒரே ஒரு இடம் மட்டும் அசையும்: தூங்கும் பெண் கண் திறந்து இமைக்கிறாள். அதற்கு மட்டும் ஒரு மணி நேரத்துக்கு ஒரு சினிமா கேமராவைக் கடன் வாங்கியதாக அவரே சொல்லியிருக்கிறார். ஒரு மணி நேரக் கடன், சில வினாடி இமைப்பு. அவ்வளவு நேரம் செத்த படங்களையே பார்த்துப் பழகிய கண்ணுக்கு அந்த இமைப்பு உடம்பெல்லாம் சிலிர்க்கும். ஐவர்க்ஸ் செத்தவர்களை அசைத்துச் சிரிக்க வைத்தார். மார்க்கர் உயிருள்ளவர்களை நிறுத்தி வைத்து, ஒரேயொரு முறை அசைத்து, மூச்சை நிறுத்தினார். இரண்டு பேர் கையிலும் இருந்தது அதே 24 பிரேம்தான்.

அண்மைக் காலத்தில் இந்தப் பரம்பரையில் எனக்குத் தலைகால் புரியாத சந்தோஷத்தைக் கொடுத்த படம், அமெரிக்கர் டான் ஹெர்ட்ஸ்ஃபெல்ட் 2015-இல் எடுத்த 'வேர்ல்ட் ஆஃப் டுமாரோ'. 17 நிமிடம். மனிதர்கள் வெறும் குச்சி உருவங்கள். அந்த வகையில் இதுவும் எலும்புக்கூட்டு ஆட்டம்தான். எமிலி என்கிற சின்னக் குழந்தையைப் பார்க்க, 227 ஆண்டுகள் தள்ளியிருக்கும் எதிர்காலத்திலிருந்து அவளுடைய குளோன் வருகிறாள். சாவைத் தள்ளிப்போட மனிதர்கள் செய்ததையெல்லாம் உணர்ச்சியில்லாத குரலில் வரிசையாகச் சொல்கிறாள். தாத்தாவின் நினைவை ஒரு கனசதுரத்துக்குள் ஏற்றி வைத்தார்கள். அதிலிருந்து வருவதெல்லாம் அலறல். மலிவுக் காலப்பயணத்தில் தவறிச் செத்தவர்களின் உடல்கள் வானத்திலிருந்து எரிந்து விழுகின்றன; கீழேயிருந்து பார்த்தால் ராத்திரி ரொம்ப அழகு. கேட்டால் குலை நடுங்கும் விஷயங்கள். படமோ விழுந்து விழுந்து சிரிக்க வைக்கிறது.

ரகசியம் ஒலிப்பதிவில். எமிலியாகப் பேசுவது ஹெர்ட்ஸ்ஃபெல்ட்டின் உடன்பிறப்பின் மகள். அப்போது வயது நாலு. நாலு வயதுக் குழந்தையிடம் வசனத்தைக் கொடுத்து நடிக்கச் சொல்ல முடியுமா? அவர் முயலவே இல்லை. அவளோடு உட்கார்ந்து படம் வரைந்தார், விளையாடினார், கதை பேசினார். பக்கத்தில் கருவி ஓடிக்கொண்டிருந்தது. பிறகு அந்தப் பதிவைத் துண்டு துண்டாக வெட்டி, கிடைத்த கேள்விக்கும் கிடைத்த சிரிப்புக்கும் ஏற்றபடி கதையை எழுதினார். ஸ்டாலிங் கேட்டிருந்தால் துள்ளியிருப்பார்: ஒலி முன்னால், படம் பின்னால்! குளோன் சாகாமல் வாழும் வழியைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கும்போது எமிலி, தான் மதியம் சாப்பிட்டாகிவிட்டது என்று அறிவிக்கிறாள். எந்த எழுத்தாளரும் மேஜையில் உட்கார்ந்து யோசித்து அந்தப் பதிலை எழுதியிருக்க முடியாது. சாவைப் பற்றிய பேச்சுக்கு அதைவிடப் பொருத்தமான பதிலும் எனக்குத் தோன்றவில்லை.

ஹெர்ட்ஸ்ஃபெல்ட்டுக்கு இது முதல் டிஜிட்டல் படம் என்பதையும் சொல்ல வேண்டும். அதுவரை காகிதத்தில் பென்சிலால் வரைந்து, பழைய 35 மி.மீ. அனிமேஷன் கேமராவின் கீழே வைத்து ஒவ்வொன்றாகச் சுட்டுக்கொண்டிருந்தவர். 2012-இல் முழுப்படமாகத் தொகுத்து வெளியிட்ட 'இட்ஸ் சச் எ பியூட்டிஃபுல் டே', நினைவு கலைந்து மரணத்தை நெருங்கும் ஒரு குச்சி மனிதனைப் பற்றியது. அதில் வரும் மங்கலும் ஒளியும் பலமுறை ஒளிபடவைத்து கேமராவுக்குள்ளேயே உண்டாக்கியவை. 'வேர்ல்ட் ஆஃப் டுமாரோ' சன்டான்ஸ் விழாவில் குறும்படத்துக்கான பெரும் பரிசு வாங்கியது, ஆஸ்கர் பரிந்துரைக்கும் போயிற்று.

2017-இல் இரண்டாம் பகுதி வந்தது. இம்முறை பதிவு செய்தபோது அவளுக்கு ஐந்து வயது. ஒரு வயது கூடியதும் பேச்சே மாறிவிட்டது. கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்தவள் இப்போது தானே நீள நீளமாகக் கதை கட்டிப் பறந்துகொண்டிருந்தாள். அவற்றை வெட்டி ஒட்டி ஒரு வழிக்குக் கொண்டுவருவது முன்னைவிடக் கடினமாக இருந்தது. ஹெர்ட்ஸ்ஃபெல்ட் தன் கதையை ஓரமாக வைத்துவிட்டு அவள் போன பக்கமெல்லாம் போனார். படம் 22 நிமிடத்துக்கு நீண்டுவிட்டது.